வாங்கினது வரும்

பல் லேபில் அவளைப் பல்லக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். பெயர் வைத்தவன் அவள் தம்பி. வீட்டில் அவள் மறந்து வைத்துவிட்டு வந்த மூக்குக் கண்ணாடியைக் கொடுக்க வந்தவன், எல்லாரும் சாப்பிட உட்கார்ந்திருந்த நேரம் பார்த்து, "பல்லு செய்யற அக்கா, பல்லக்கா. பல்லக்கு மாதிரியே இருக்காங்க பாருங்க, தூக்க நாலு ஆள் வேணும்" என்று சொல்லிவிட்டு, அவள் எறிந்த மெழுகுக் கட்டிக்குக் குனிந்து தப்பி ஓடினான். அன்றைக்கு ஒட்டிக்கொண்ட பெயர். முதலாளிகூட வேலை விரட்டும்போது, "பல்லக்கா, அந்த மேல்வரிசை என்னாச்சு?" என்றுதான் விரட்டுவார்.

லேப் என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. மாடியில் நீளமான ஓர் அறை, ஜன்னலோரமாக நாலு மேசை. பல் டாக்டர்கள் நோயாளிகள் வாயில் அச்செடுத்து அனுப்புவார்கள். அதில் மாவு கரைத்து ஊற்றினால் யாரோ ஒருவரின் வாய் கல்லாக வந்து நிற்கும். அந்தக் கல் வாயில் மெழுகு வைத்துப் பல் அடுக்கி, பிறகு மெழுகை உருக்கி எடுத்துவிட்டு அந்த இடத்தில் ஈறு வார்க்க வேண்டும். பதினெட்டு வருஷமாக இதுதான் வேலை. நிறம் பார்ப்பதில் அவளை அடித்துக்கொள்ள ஆளில்லை. வெள்ளை என்று ஒரு நிறமே கிடையாது என்பாள். மாதிரிப் பற்களைக் கோத்த பட்டையைக் கையில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாக ஒட்டி ஒட்டிப் பார்ப்பாள். "கண்ணு ஏமாத்தும். பக்கத்துல வெச்சுப் பாரு" என்பது அவள் வாயில் எப்போதும் இருக்கும் பேச்சு. இன்னொன்றிலும் பிடிவாதம். மெழுகோடு ஒரு தடவை டாக்டருக்கு அனுப்பி, உரியவர் வாயில் போட்டுப் பார்க்கச் சொல்லாமல், எதையும் கெட்டிப்படுத்த மாட்டாள். அவசரம் என்று முதலாளி குதித்தாலும் மாட்டாள்.

அவளுக்கு ஒரு கல்யாணம் கூடிவந்து, கூடிவந்த வேகத்திலேயே கலைந்தும் போனது. தம்பிக்குப் பார்த்த இடமெல்லாம் தட்டிப்போக, ஒரு கட்டத்தில் அவனும் போதும் என்று விட்டுவிட்டான். கடைக்குட்டித் தங்கைக்கு மட்டும் எல்லாம் நேராக அமைந்தது. அவள் கணவனோடு ஊரின் மறுகோடியில் இருந்தாள். அப்பா அம்மா போன பிறகு அக்காவும் தம்பியும் மூன்றாம் மாடியில் ஒரு வாடகை வீட்டில் சேர்ந்து குடியிருந்தார்கள். தம்பி லிஃப்ட் மெக்கானிக். அவர்கள் குடியிருந்த கட்டடத்தில் லிஃப்ட் கிடையாது. மளிகைப் பையைத் தூக்கிக்கொண்டு மூச்சிரைக்க ஏறும்போதெல்லாம், "ஊருக்கெல்லாம் லிஃப்டு, எனக்கு மட்டும் படிக்கட்டா?" என்பாள். "மாசம் ரெண்டு கிலோ குறையும், ஏறு" என்று பின்னாலிருந்து ஊக்கம் கொடுப்பான்.

டிவியில் மாட்டி ஆடும் விளையாட்டுப் பெட்டியை அவன் வாங்கி வந்தபோது அவள் தலையில் அடித்துக்கொண்டாள். முப்பத்தெட்டு வயசில் பொம்மையா? அவன் டிவியோடு கம்பிகளைச் சொருகி, ஒரு கட்டுப்பாட்டுக் கருவியை அவள் மடியில் வைத்தான். "ஒரே ஒரு தடவை. பிடிக்கலைன்னா போய் மாவு கரைச்சுக்க." பிடித்துவிட்டது. அதிலும் ஓர் ஆட்டம் மிகவும் பிடித்துவிட்டது. வெள்ளத்தில் மூழ்கிய ஓர் ஊர். ஆளுக்கொரு விளக்கோடு இரண்டு பேர் அதைக் கடக்க வேண்டும். வீட்டுக்கூரைகள், பாதி மூழ்கிய பாலங்கள், ஆள் இல்லாத அறைகள். பாட்டு, இசை ஒன்றும் கிடையாது. தண்ணீர்ச் சத்தமும் காலடிச் சத்தமும்தான். "அதனாலதான்க்கா பயமா இருக்கு" என்பான் தம்பி. அவர்கள் அதற்கு வைத்த பெயர் தண்ணி ஆட்டம்.

அதில் ஒருவர் விழுந்துவிட்டால் மற்றவர் ஓடிவந்து, பக்கத்தில் மண்டியிட்டு, ஒரு பொத்தானை அழுத்திக்கொண்டே இருக்க வேண்டும். ஒரு வட்டம் மெதுவாக நிறையும். நிறைந்ததும் விழுந்தவர் எழுந்துவிடுவார். யாரும் வராவிட்டால் அப்படியே கிடக்கலாம், இல்லை தானே பொத்தானை அழுத்தி, கடைசியாகப் பார்த்த விளக்குக் கம்பத்தடியில் எழ வேண்டியதுதான். பல்லக்கா ஓயாமல் விழுவாள். "டேய், செத்தேன்டா, எழுப்பு!" "பத்து அடி நடக்கல, அதுக்குள்ளயா? இப்பதான எழுப்பிவிட்டேன்?" "பேசாம எழுப்புடா, தண்ணி ஏறுது!" கீழ் வீட்டுக்காரர் ஒரு நாள் படியில் மறித்து, "உங்க வீட்டுல தினம் யாரு சாவறா?" என்று கேட்டார். அதை நினைத்து நினைத்து ஒரு வாரம் சிரித்தார்கள்.

அவள் வேலையாக இருக்கும்போது அவன் தனியாகத் தொடங்கிவிடுவான். அலுத்துப்போனால் ஹாலிலிருந்து குரல் வரும். "அக்கா, செத்துட்டேன், வந்து எழுப்பு." விளையாட வா என்பதற்கு அந்த வீட்டில் அதுதான் சொல். அவளுடைய பதிலும் மாறாது. "இரு, வர்றேன்." பெட்டியைப் போடுவது, ஆட்டத்தைத் திறப்பது, விட்ட இடத்தைத் தேடி வைப்பது எல்லாம் அவன் வேலை. அவள் கையைத் துடைத்துக்கொண்டு வரும்போது இரண்டு பேரும் தண்ணீருக்குள் தயாராக நின்றிருப்பார்கள். ஒரு நாளும் அவளாகத் திறந்ததில்லை.

பெட்டியில் இடம் கொஞ்சம்தான். புதிதாக ஒன்றைப் போட வேண்டுமென்றால் பழையதை அழிக்க வேண்டும். முதல் தடவை அவன் அழித்தபோது பதறிப்போனாள்.

"ஐயோ, காசு குடுத்து வாங்கினத அழிக்கிறியேடா!"

"வாங்கினது எங்கயும் போகாதுக்கா. வேணும்னா மறுபடி இறக்கிக்கலாம்."

"நாம வெச்ச இடம்?"

"விட்ட இடத்துல விட்டபடியே இருக்கும். செத்துக் கிடந்தா செத்துக் கிடக்கறபடியே இருக்கும். போதுமா?"

அது ஒரு ஞாயிற்றுக்கிழமை, வெயில் இறங்கும் நேரம். அவள் பால்கனியில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். கதவு காற்றில் பாதி சாத்தியிருந்தது. ஹாலிலிருந்து அவன் குரல் வந்தது.

"அக்கா... நான் செத்தேன்."

"இரு, வர்றேன்" என்றாள்.

வாளியில் அப்போது ஏழு துணிகள் மிச்சம். அவனுடைய வேலைச் சட்டை மூன்று, தலையணை உறை இரண்டு, ஒரு துண்டு, ஒரு படுக்கை விரிப்பு. சட்டைகளின் காலரை நீவிவிட்டுத் தலைகீழாகத் தொங்கவிட்டாள். விரிப்பை முறுக்கிப் பிழிந்து, உதறி, கொடியில் போட்டு, நாலு முனையும் சமமாக வரும்படி இழுத்துவிட்டாள். அந்த நாலு முனைதான் பிறகு அவளைத் தின்றது. காற்றில் எப்படியும் கலையப்போகும் விரிப்புக்கு யார் முனை பார்ப்பார்கள்?

கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு, "எங்கடா விழுந்து கிடக்க?" என்று கேட்டுக்கொண்டேதான் உள்ளே வந்தாள். அவன் சோபாவில் தலை சாய்ந்து கிடந்தான். கருவி மடியில் இருந்தது.

ஆம்புலன்ஸ்காரர்கள் இரண்டு பேர் வந்தார்கள். ஒருவர் அவன் நெஞ்சில் கைவைத்து அழுத்தியபடியே, "எவ்வளவு நேரமாச்சும்மா?" என்று கேட்டார். "இப்பதான்" என்றாள். "அந்தச் சத்தத்த நிறுத்துங்க" என்றார் மற்றவர். டிவியைத் திரும்பிப் பார்க்காமலே சுவரிலிருந்த பிளக்கைப் பிடுங்கினாள். பிறகு அவனைத் தள்ளுபடுக்கையில் கட்டி மூன்று மாடியும் இறக்கினார்கள். அவனைத் தூக்க இரண்டு ஆள் போதுமாக இருந்தது. வழியிலேயே முடிந்துவிட்டது என்றார்கள். இல்லை, வீட்டிலேயே முடிந்திருக்கும் என்றும் சொன்னார்கள். துணிகள் மூன்று நாள் கொடியிலேயே கிடந்தன.

காரியமெல்லாம் முடிந்த பிறகு தங்கையின் கணவர் வந்து பெட்டியையும் கருவிகளையும் அட்டைப் பெட்டியில் போட்டுக் கட்டினார். நல்ல மனுஷர். "கண்ணுல பட்டா நெனப்பு வரும்க்கா. நான் எல்லாத்தையும் அழிச்சுட்டு யாருக்காவது குடுத்துடறேன்" என்றார். அவள் தலையாட்டினாள். அப்போது எது சொன்னாலும் தலையாட்டிக்கொண்டிருந்தாள்.

சந்தேகம் அதற்குப் பிறகுதான் வந்தது. பல் இடுக்கில் சிக்கிய நார் மாதிரி. நாக்கு போய்ப் போய் அங்கேயே தொடும்.

அவன் எந்தச் செத்தேனைச் சொன்னான்?

தண்ணி ஆட்டத்தில் விழுந்து கிடந்து வழக்கம்போலக் கூப்பிட்டானா? கூப்பிட்ட பிறகு நெஞ்சு வலி வந்து சத்தமில்லாமல் போனானா? அப்படியென்றால் அவள் துணி உலர்த்தியதில் தப்பில்லை. வீட்டுச் சொல்லுக்கு வீட்டுப் பதில். இல்லை, ஆட்டமே நடக்காமல், வலி வந்து, வாயில் வந்த வார்த்தையில் அவளைக் கூப்பிட்டானா? "வந்து எழுப்பு" என்று அவன் சொன்னானா இல்லையா என்பதுகூட அவளுக்கு இப்போது நிச்சயமில்லை. சில நாள் சொன்ன மாதிரி இருக்கும். சில நாள் இருக்காது. அவள் இரு என்று சொன்னாள். அவன் இருக்கவில்லை.

இதை அவள் யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் தங்கை என்ன சொல்வாள் என்று தெரியும். பத்து நிமிஷத்தில் என்ன ஆகிவிடப் போகிறது என்பாள். அந்தப் பத்து என்ற எண் அவளுக்கு எங்கிருந்து வரும்?

இதோடு இன்னொரு தொல்லை. ஒரு மெட்டு. குழல் மாதிரி ஒரு சத்தம் மேலே ஏறி, நின்று, மெல்ல இறங்கும். அடியில் ஒரு முழக்கம். அன்றைக்கு அந்தக் களேபரத்தில் காதில் விழுந்தது. ஆம்புலன்ஸ்காரரின் போன் மணியோ, எதிர்வீட்டு டிவியோ, தெரியாது. தங்கள் ஆட்டத்தில் பாட்டு கிடையாது, அதனால் தங்கள் வீட்டுச் சத்தம் இல்லை என்பது மட்டும் தெரியும். பல்லைத் தேய்க்கும் இயந்திரம் சுழலும்போது தன்னையறியாமல் அதை முனகுவாள். "என்ன பாட்டு பல்லக்கா அது? முழுசாப் பாடுங்க, இல்ல விட்டுடுங்க" என்று பக்கத்து மேசைக்காரி அலுத்துக்கொள்வாள். "எனக்கே தெரியாதுடி" என்பாள்.

எட்டு மாதம் பொறுத்தாள். எட்டாவது மாதத்தில் ஒரு கீழ்வரிசையை இரண்டு தடவை தப்பான நிறத்தில் செய்தாள். பதினெட்டு வருஷத்தில் நடக்காதது. முதலாளி திட்டவில்லை. "லீவு எடுத்துக்கங்க" என்று தணிந்த குரலில் சொன்னார். திட்டியிருந்தால் தேவலை என்றிருந்தது. மாலையில் பேருந்தை விட்டு இரண்டு நிறுத்தம் முன்பே இறங்கி, பழைய டிவி, பழைய விளையாட்டுப் பெட்டி வாங்கி விற்கும் கடைக்குப் போனாள்.

கடையை நடத்தியது ஓர் அம்மாள். தலையில் பட்டையோடு மாட்டிய பூதக்கண்ணாடி, கையில் ஈயம் பற்றவைக்கும் கம்பி.

"யாருக்கும்மா, பேரப் பிள்ளைங்களுக்கா?"

"எனக்கு."

அம்மாள் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு ஒரு தடவை பார்த்தாள். "நல்லதாப் போச்சு. நம்ம வயசுக்காரங்க வந்தா கடைக்கும் ஒரு மரியாதைதான். என்ன விளையாடுவீங்க?"

"முன்னாலயே வாங்கினது இருக்கு. என் தம்பி பேருல. அதத் திரும்ப எடுக்கணும்."

"தம்பி வரலையா?"

"இல்ல."

அந்த 'இல்ல'யில் அம்மாளுக்கு ஏதோ பிடிபட்டிருக்க வேண்டும். மேலே கேட்கவில்லை. அலமாரியிலிருந்து பெட்டி ஒன்றை எடுத்துத் தூசி தட்டி, கடை டிவியில் மாட்டினாள். கணக்குக்குள் நுழைய மின்னஞ்சலும் கடவுச்சொல்லும் வேண்டும். இரண்டும் பல்லக்காவின் பையில் இருந்தன. லிஃப்ட் சோதித்த தேதிகளை அவன் குறித்துவந்த நோட்டின் கடைசிப் பக்கத்தில் எழுதி வைத்திருந்தான். கடவுச்சொல்லை அம்மாள் எழுத்துக் கூட்டித் தட்டினாள்.

"என்ன வார்த்தைம்மா இது? பல்லக்கா முப்பத்திரண்டா?"

"என் பேரு."

"முப்பத்திரண்டு?"

"பல்லு."

அம்மாள் வாய்விட்டுச் சிரித்தாள். பல்லக்காவும் சிரித்துவிட்டாள். சிரித்து எவ்வளவு நாளாகிவிட்டது என்று நினைப்பதற்குள் திரை இன்னொன்றைக் கேட்டது. அவன் போனுக்கு எண் ஒன்று அனுப்பியிருக்கிறதாம். எட்டு மாதமாக அந்த போனை அவள் அணையவிடவில்லை. மாதம் தவறாமல் இணைப்பைப் புதுப்பித்து, தினமும் தன் போனுக்குப் பக்கத்திலேயே சார்ஜ் போட்டு வைப்பாள். பைக்குள் அது ஒரு தடவை அதிர்ந்தது. ஆறு இலக்கம். படித்துச் சொன்னாள்.

வாங்கியவை என்ற தலைப்பின்கீழ் எல்லாம் வரிசையாக வந்து நின்றன. ஒவ்வொன்றின் ஓரத்திலும் கீழ்நோக்கிய ஓர் அம்புக்குறி. புதியது முதலில். தலைமாட்டில் நின்றதை அவள் பார்த்ததே இல்லை. இரண்டு பேர் படகு ஓட்டும் ஆட்டம். வாங்கிய தேதி அந்த ஞாயிற்றுக்கு மூன்று நாள் முந்தி. அதற்கடுத்தது தண்ணி ஆட்டம்.

"இது போதும்" என்று தொட்டுக் காட்டினாள்.

"வீட்டுல போய் இந்த அம்புக்குறிய அழுத்துங்க, தானா இறங்கும். பெரிய ஆட்டம், உங்க இணைப்புக்கு ஒரு நாள்கூட ஆகலாம். நடுவுல அணைச்சுடாதீங்க." பெட்டியைத் துணியில் சுற்றியவள் சற்றுத் தயங்கினாள். "ஒண்ணு சொல்லிடறேன்மா. வாங்கினது வரும். அத யாரும் தடுக்க முடியாது. விளையாடினது வருமான்னு என்னால சொல்ல முடியாது. அது வேற எடத்துல இருக்கும். மாசச் சந்தா கட்டிட்டு வந்திருந்தா இருக்கலாம். பழைய பெட்டிய யாராவது அழிச்சிருந்தா அதோட போயிருந்தாலும் போயிருக்கலாம்."

சனிக்கிழமை மாலை அம்புக்குறியை அழுத்தினாள். நூறில் ஒன்று என்று வர கால் மணி ஆனது. இரவு படுக்கப் போனாள். ஞாயிறு காலை அறுபத்திரண்டு. சமைத்தாள், சாப்பிட்டாள், தட்டைக் கழுவினாள், வந்து பார்த்தாள். எழுபத்தொன்று. மத்தியானம் தங்கை போன் செய்தாள்.

"என்னக்கா பண்ற?"

"இறக்கிட்டு இருக்கேன்."

"என்னத்த?"

"தண்ணி ஆட்டத்த."

"பெட்டிய மறுபடி வாங்கிட்டியா? அவரு உன் நல்லதுக்குத்தானக்கா எடுத்துட்டுப் போனாரு?"

"அவர ஒண்ணும் சொல்லல."

"அதப் பாத்து என்ன ஆகப் போகுது? அவன் வந்துடுவானா?"

"அவன் வரமாட்டான். எங்க விழுந்து கிடந்தான்னு பாக்கணும்."

"சோபாவுலதானேக்கா..." தங்கையின் குரல் உடைந்தது.

"அது தெரியும்டி" என்றாள் பல்லக்கா. "நீ அழாத. பிள்ளைங்க பாக்கப் போறாங்க. வை."

எண்பத்து மூன்றிலிருந்து அவள் எழுந்திருக்கவே இல்லை. அவன் உட்காரும் மூலையில் உட்காராமல், தன் மூலையிலேயே உட்கார்ந்திருந்தாள். என்ன பார்க்கப்போகிறாள் என்பதை மனசில் நூறு தடவை பார்த்துவிட்டாள். திரை திறக்கும். தண்ணீர் ஓரத்தில் அவனுடைய ஆள் குப்புறக் கிடப்பான். விளக்கு பக்கத்தில் உருண்டிருக்கும். அவன் கிடக்க வேண்டும். கிடந்தால் போதும். கிடந்தால் அவள் அன்றைக்குச் சொன்னது சரியான பதில். தம்பி செத்துக் கிடக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் அக்கா உலகத்தில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன் என்று தோன்றியது.

நாலரை மணிக்கு நூறு ஆனது. திரையில் ஆட்டத்தின் சின்னப் படத்தின் மேலிருந்த சாம்பல் நிறம் விலகியது. முதல் தடவையாக அவளே அதைத் திறந்தாள்.

திரை கறுத்து, மெல்ல வெளுத்தது. மூழ்கிய ஊரின் மேல் மாலை வெளிச்சம். ஆட்டத்தின் பெயர் எழுத்தெழுத்தாக வந்தது. அப்போது குழல் மாதிரி ஒரு சத்தம் மேலே ஏறி, நின்று, மெல்ல இறங்கியது. அடியில் ஒரு முழக்கம்.

முதலில் அவளுக்குப் பழக்கமான ஒன்றைக் கேட்கும் நிம்மதிதான் வந்தது. அட, இதுதானா, என்று. அந்த நிம்மதி ஒரு மூச்சு நேரம்கூட நிற்கவில்லை.

கண் ஏமாற்றும், காதும் ஏமாற்றலாம். பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். திரையில் ஒரே ஒரு வரிதான் இருந்தது. புதிய ஆட்டம். தொடர்வதற்கு ஒன்றும் இல்லை. விளையாடினது வரவில்லை. அது இப்போது அவளுக்குப் பெரிதாகவும் படவில்லை. வரியை அழுத்தினாள். எத்தனை பேர் என்று கேட்டது. ஒருவர் என்றாள். மெட்டு சட்டென்று நின்றது. தண்ணீர்ச் சத்தம், காலடிச் சத்தம். அவ்வளவுதான். பாலம் வரைக்கும் நடந்தாள். வேண்டுமென்றே தண்ணீரில் இறங்கி விழுந்தாள். அவளுடைய ஆள் கிடந்தாள், கிடந்தாள், எழுப்ப யாரும் வரவில்லை, பொத்தானை அழுத்தியதும் விளக்குக் கம்பத்தடியில் எழுந்தாள். அப்போதும் மெட்டு வரவில்லை. இன்னும் ஒரு தடவை விழுந்தாள். வரவில்லை. ஆட்டத்தை விட்டு வெளியே வந்து முதல் திரைக்குத் திரும்பினாள். குழல் மேலே ஏறியது.

முதல் திரையில் மட்டும்தான். உள்ளே போகாதவரைக்கும்தான். முதல் திரையில் யாரும் விழ முடியாது, யாரும் சாக முடியாது.

அன்றைக்கு அவள் பிளக்கைப் பிடுங்கி நிறுத்தியது இந்தச் சத்தத்தைத்தான். அவன் ஆட்டத்தில் இருக்கவில்லை. அவளுக்காகத் திறந்து வைத்துக்கொண்டு காத்திருந்தானோ, முடியாமல் வெளியே வந்துவிட்டானோ. எதுவானாலும், "அக்கா, நான் செத்தேன்" என்று அவன் சொன்னது நிஜத்தைத்தான். அவளுக்குச் சட்டென்று புரியட்டும் என்று, அந்த வீட்டில் அவளை ஓடிவரவைக்கிற சொல்லாகப் பார்த்துச் சொல்லியிருக்கிறான். அந்தச் சொல்லுக்கு அவள் என்றைக்கு ஓடி வந்திருக்கிறாள்?

அழுகை வரும் என்று எதிர்பார்த்தாள். வரவில்லை. நெஞ்சுக்குள் ஏதோ மெழுகு உருகிப் போய், அந்த இடத்தில் கெட்டியாக ஒன்று வார்த்தாகிவிட்டது. ஆனால் போட்டுப் பார்க்காமல் எதையும் அவள் முடித்ததில்லை.

எழுந்து அவன் அலமாரியைத் திறந்தாள். வேலைச் சட்டை மூன்றை எடுத்தாள். தலையணை உறை இரண்டு, துண்டு, அந்தப் படுக்கை விரிப்பு. காய்ந்த துணி சரியான நேரம் காட்டாது. குளியலறையில் எல்லாவற்றையும் நனைத்து, அரைகுறையாகப் பிழிந்து, வாளியில் போட்டுப் பால்கனிக்குத் தூக்கிப் போனாள். கதவை அன்றைக்கு இருந்த மாதிரி பாதி சாத்தினாள். உள்ளே டிவியில் மெட்டு சுற்றிச் சுற்றி வந்துகொண்டிருந்தது. மாவு இறுகும் நேரம் பார்க்க லேபிலிருந்து கொண்டுவந்த சின்னக் கடிகாரம் ஒன்று வீட்டிலும் இருந்தது. அதை முடுக்கிச் சுவர்மேல் வைத்தாள்.

"இரு, வர்றேன்" என்றாள்.

அவசரப்படவில்லை. அன்றைக்கு அவசரப்படாதவள் இன்றைக்கு அவசரப்பட்டால் கணக்குத் தப்பிவிடும். முதல் சட்டையின் காலரை நீவிவிட்டுத் தலைகீழாகத் தொங்கவிட்டாள். இரண்டாவது. மூன்றாவதின் பையோரத்தில் மசிக்கறை, எத்தனை துவைத்தும் போகாதது, அன்றைக்கும் அதை ஒரு தடவை விரலால் சுரண்டினாள், இன்றைக்கும் சுரண்டினாள். உறைகளை உள்ளும் புறமும் திருப்பினாள். துண்டை உதறினாள். எதிர்மாடியில் ஒருத்தி தலை துவட்டிக்கொண்டே, "ரொம்ப நாளாச்சே, ஞாயிற்றுக்கிழமை துணி போட்டு?" என்று கேட்டாள். "ஆமாங்க" என்றாள். விரிப்பை முறுக்கினாள். தண்ணீர் முழங்கை வழியே ஒழுகியது. கொடியில் போட்டு, நாலு முனையும் சமமாக வரும்வரைக்கும் இழுத்துவிட்டாள்.

கடிகாரத்தை எடுத்துப் பார்த்தாள். பாவாடையில் கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே வந்தாள். சோபாவுக்கு முன்னால் நின்றாள். அன்றைக்கு நெஞ்சை அழுத்திக்கொண்டே அந்த மனிதர் கேட்ட கேள்வி அங்கேயே நின்றுகொண்டிருந்தது. எவ்வளவு நேரமாச்சும்மா?

"ஒன்பது நிமிஷம்" என்றாள்.

குழல் மேலே ஏறி, நின்று, மெல்ல இறங்கியது. மறுபடி தொடங்கியது.